எங்கேயும் போகாத பெண்கள்

எங்கள் போக்குவரத்து ஆய்வுப் படிவத்தில் ஐந்தாம் பக்கம் பெண்களுடைய பக்கம். அதைப் பெண் ஒருவர்தான் கேட்டு நிரப்ப வேண்டும், கேட்கும்போது வீட்டு ஆண்கள் யாரும் பக்கத்தில் நிற்கக் கூடாது என்று மேலே இரண்டு வரி அச்சடித்திருக்கும். இப்போது வேலைக்கு வந்திருக்கும் பிள்ளைகளுக்கு அந்த இரண்டு வரியும் பெரிய தொந்தரவு. சந்திக்குச் சந்தி கமரா வைத்து எண்ணுகிறோம், கைத்தொலைபேசியில் கேட்கிறோம், இன்னும் எதற்கு இந்தப் பழைய பக்கம் என்று போன மாதம் ஒரு பிள்ளை என் வீட்டுக்கே வந்து கேட்டது. பொறியியல் படித்த கெட்டிக்காரப் பிள்ளை. எனக்குக் கோபம் சட்டென்று வரும். தேத்தண்ணி குடித்து முடியும்வரை வாயை மூடிக்கொண்டிருந்துவிட்டு, எழுதித் தருகிறேன் மகள் என்றேன். வாயால் சொல்லப் போனால் இடையில் யாரையாவது ஏசிவிடுவேன்.

நான் வேலைக்குச் சேர்ந்தது வீதி வேலைகளைப் பார்க்கும் ஓவசியராக. இரண்டு வருடம் பயிற்சி. கல் எந்த அளவு, தார் எந்தச் சூடு, மதகுக்கு எந்தக் குழாய், அவ்வளவுதான். படிப்பித்தவர்கள் நல்லவர்கள். ஆனால் வீதியில் யார் போகிறார்கள் என்று அந்த இரண்டு வருடத்தில் ஒருவரும் கேட்கவில்லை. வீதி போட்டால் சனம் போகும், அதில் கேட்க என்ன இருக்கிறது என்றுதான் நானும் நினைத்திருந்தேன். எழுபதுகளின் கடைசியில், கல்யாணம் முடித்த கையோடு, என்னைக் கல்முனைப் பக்கம் ஓர் ஆய்வுக்கு மாற்றினார்கள். சொந்த ஊர்ப் பக்கம் வேலை கிடைத்ததில் வீட்டில் எல்லாருக்கும் சந்தோஷம். எனக்கும்தான். வரப்போவது தெரியாதே.

ஆய்வு ஒரு தாம்போதியைப் பற்றியது. எந்தத் தாம்போதி என்று சொல்ல மாட்டேன், அந்தக் குடும்பங்கள் இன்னும் அங்கேதான் இருக்கின்றன. தாம்போதி என்றால் பாலம் அல்ல. ஆற்றுக்குக் குறுக்கே தாழ்வாகப் போட்ட கல் வீதி. கோடையில் அதன் மேல் சைக்கிளில் போகலாம், மாரியில் அதன் மேல் தண்ணீர் போகும். கிழக்குக் கரையில் எங்கள் ஊர்கள், சந்தை, ஆஸ்பத்திரி. மேற்குக் கரையில் குடியேற்றங்கள், எங்கள் ஆட்களின் வயல்கள், கல்யாணம் முடித்துக் கொடுத்த பிள்ளைகள். ஆறு தெற்கே வயல் வட்டைகளில் இருந்து வந்து, தாம்போதியைத் தாண்டி, வடக்கே கடலோரத்து உப்பு நீர்க் களப்புக்குப் போகிறது.

கொழும்பில் இரண்டு திட்டம் வைத்திருந்தார்கள். ஒன்று, தாம்போதியின் மேல் மண்ணைக் கொட்டி உயர்த்தி ஒரே அணையாக அடைத்துவிடுவது. சீக்கிரம் முடியும், லொறியும் உழவு இயந்திரமும் போகும். ஆனால் மாரித் தண்ணீர் போக வழியில்லாமல் தெற்கு வட்டைகளில் தேங்கும், நெல் அழுகும். வடக்கே களப்புக்கு நல்ல தண்ணீர் கிடைக்காது, மீன் ஏறாது. மற்றது, தண்ணீர் போகக் கண் கண்ணாக விட்ட பாலம். அதற்கு மேலிடம் ஒரு நிபந்தனை போட்டிருந்தது. மாரியிலும் இந்த வழியால் போதிய சனம் போய் வருகிறது என்று ஆய்வில் தெரிய வேண்டும். தெரியாவிட்டால் மண் அணைதான். என் மாமனாரின் காணியும் அந்தத் தெற்கு வட்டையில்தான் இருந்தது, நான் ஏன் மறைக்க வேண்டும்.

எங்கள் மேலதிகாரி சிவஞானம் சேர் யாழ்ப்பாணத்தவர். மெலிந்த மனிதர், தடித்த மூக்குக்கண்ணாடி, எந்தச் சேற்றுக்குள் வந்தாலும் மினுக்கிய சப்பாத்து. அவர் குரல் உயர்த்தி நான் கேட்டதே இல்லை. உயர்த்தியிருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும், நானும் திருப்பிக் கத்தியிருப்பேன். நாங்கள் வெயிலில் நின்றால் அவரும் குடையை மடக்கிக்கொண்டு வெயிலில் நிற்பார். எதைச் சொன்னாலும் அவரிடம் ஒரே கேள்விதான்.

"கண்டனீரோ, கேட்டனீரோ?"

உழவு இயந்திரப் பெட்டிக்குள் நெல் என்று நான் எழுதியிருந்தால், மூட்டையைக் கண்டீரா, இல்லை ஓட்டுநர் சொல்லக் கேட்டீரா என்று அர்த்தம். கேட்டேன் என்றால் பேனையை எடுத்து மெதுவாக ஒரு கோடு இழுப்பார். ஏச மாட்டார். அந்தக் கோடு ஏச்சைவிட மோசம். முதல் கிழமையில் மூன்று தரம் அவரைப் பற்றி வீட்டில் வந்து கொதித்தேன். நான்காம் தரம் என் மனைவி ஹாஜரா சிரித்துக்கொண்டு, அந்த மனிசன் சொல்லுறதும் நியாயம்தானே என்றாள். அதற்குப் பிறகு வீட்டில் கொதிப்பதை விட்டுவிட்டேன்.

வேலை இப்படி. தாம்போதியின் கிழக்கு முனையில் மருத மரத்துக்குக் கீழே ஓலைக் கொட்டில் ஒன்று போட்டோம். எண்ணுகிறவர் கபூர், என்னைவிட மூத்தவர், பொறுமைசாலி. நடை, சைக்கிள், மோட்டார் சைக்கிள், வண்டில், உழவு இயந்திரம் என்று நிரைகள். ஒவ்வொன்றுக்கும் ஆள் அல்லது சுமை என்று பிரிக்க வேண்டும். போகிற ஒவ்வொன்றுக்கும் ஒரு கோடு, ஐந்தாவதுக்குக் குறுக்கே ஒரு கோடு. தாம்போதிக்குத் தெற்கிலும் வடக்கிலும் சிவப்பு வெள்ளை அடித்த கம்புகளை நட்டு, இரண்டு பக்கத்துத் தண்ணீரும் எவ்வளவு ஏறி இறங்குகிறது என்று பார்த்துக் குறிப்பது என் வேலை. ஒரு வீதி ஆய்வுக்குத் தண்ணீரை எதற்கு அளக்கிறோம் என்று ஒருநாள் கேட்டேன்.

"றோட்டு சனத்துக்கு மட்டுமில்லைக் காணும். தண்ணிக்கும் ஒரு றோட்டு வேணும்," என்றார்.

அந்தக் காலத்தில் அப்படிப் பேசிய பொறியியலாளர் வேறு யாரையும் எனக்குத் தெரியாது. வயல்காரர்களையும் தோணிக்காரர்களையும் தேடிப் போய் மீன் எப்போது ஏறுகிறது, எந்த மாதத் தண்ணீர் எவ்வளவு நிற்கிறது என்று கேட்பார். அவர்கள் சொன்னதையும் கம்பு காட்டியதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்ப்பார். ஒத்துப் போனால் முகத்தில் ஒரு சின்னச் சிரிப்பு வரும், அவ்வளவுதான் அவருடைய கொண்டாட்டம்.

சிக்கல் வந்தது வீட்டுக்கு வீடு போன போதுதான். வீட்டில் யார் யார், ஒரு கிழமைக்குள் எங்கெங்கே போனார்கள், எதில் போனார்கள் என்று ஆண்களிடம் கேட்டு நிரப்ப வேண்டும். தங்கள் பயணத்தை நன்றாகச் சொன்னார்கள். சந்தை, வயல், பள்ளிவாசல், மருதமுனையில் நூல் எடுக்க, அக்கரைப்பற்றில் மாடு பார்க்க. பெண்கள் என்று வந்ததும் எல்லா வீட்டிலும் ஒரே பதில்.

"எங்கட ஊட்டுப் பொம்புளையள் எங்கயும் போறல்ல."

இதைக் கேட்டுச் சிரிக்காதீர்கள் மகள். அந்தக் காலத்தில் எங்கள் ஊரில் இது மரியாதையான பதில். முன்பின் தெரியாத மனிதனிடம் என் மனைவி வெள்ளிக்கிழமை பின்னேரம் உம்மா வீட்டுக்குப் போவாள் என்று சொல்வது, அவள் எப்போது வீட்டில் இல்லை என்று சொல்வது மாதிரி. நல்ல குடும்பத்தில் பிறந்தவன் சொல்ல மாட்டான். பெண்கள் போகவில்லையா என்ன? கூடார வண்டிலில் முன்னும் பின்னும் திரையை இறக்கிவிட்டு, ஆற்றுக்கு அப்பால் பிள்ளைப்பேறு பார்க்க, சாவு விழுந்த மையத்து வீட்டுக்கு, கல்யாண வீட்டுக்கு, பாய் இழைக்கப் பன் வெட்டக்கூடப் போய் வந்தார்கள். வண்டில்காரரிடம் கபூர் என்ன ஏற்றம் என்று கேட்டால் சுமை என்று சொல்லிவிட்டு மாட்டைத் தட்டுவார். திரையைத் தூக்கிப் பார்க்கக் கபூர் என்ன கிறுக்கனா? சுமை என்று கோடு போடுவார். என் வீட்டுப் படிவத்தை நானே நிரப்பினேன். பெண்கள் என்ற இடத்தில் பயணம் இல்லை என்று எழுதினேன். அதில் எனக்கு அன்று ஒரு குறையும் தெரியவில்லை, இன்றும் அதைப் பொய் என்று யாராவது சொன்னால் சண்டைக்குத்தான் போவேன்.

சிவஞானம் சேர் படிவங்களை அடுக்கி வைத்தார். பிறகு கண்ணாடியைக் கழற்றித் துடைத்தபடி கேட்டார்.

"ஏன் காணும், உங்கடை ஊரிலை பொம்பிளையளுக்குக் கால் இல்லையோ?"

எனக்குத் தலைக்கு ஏறிவிட்டது. எங்கள் ஊர்ப் பெண்களின் காலைப் பற்றி நீங்கள் கதைக்க வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். அவர் கோபிக்கவில்லை. மன்னிப்புக் கேட்டார், உண்மையாகவே கேட்டார். பிறகு மெதுவாக விளக்கினார். இந்தக் கணக்கின்படி மாரியில் இந்த ஆற்றைக் கடப்பது வயலுக்குப் போகும் சில ஆண்களும் நெல்லும்தான். கொழும்பு இதைப் பார்த்துவிட்டு மண் அணை என்று முடிவு கட்டும். ஒருவரும் எங்கேயும் போகாத ஊருக்குப் பாலம் எதற்கு?

கபூர் ஒரு வழி சொன்னார். தண்ணீர் கூடிய நாளில் தோணி ஏறும் துறையில், பெண்கள் வண்டிலால் இறங்கும்போது திரைச்சீலைக்குக் கீழே பாதம் தெரியும், பள்ளத்தில் இருந்து பார்த்தால் எண்ணிவிடலாம் என்றார். சேர் உடனே மறுத்துவிட்டார். தன்னைக் காண வேண்டாம் என்று திரை போட்டவரை ஒளிந்திருந்து எண்ணுவது களவு என்றார். கண்டதைத்தான் எழுத வேண்டும் என்று எங்கள் உயிரை வாங்கிய மனிதர், காண்பதற்கும் ஓர் எல்லை வைத்திருந்தது அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது.

மிஞ்சிய வழி ஊர்ப் பெரியவர்களிடம் பேசுவது. மீராலெவ்வை மரைக்கார் எங்கள் பள்ளிவாசல் நிர்வாகத்தில் மூத்தவர், தெற்கு வட்டையில் பெரிய வயல்காரர், குடும்பத்தில் எனக்குச் சாச்சா முறை. பெண்களிடம் கேட்பதற்குப் படித்த பெண்கள் யாரையாவது அனுப்பலாமா என்று சேர் மிகப் பணிவாகக் கேட்டார். மரைக்கார் அவரைப் பார்க்காமல் என்னைப் பார்த்தார்.

"இஞ்ச பாருங்க மகன். பாலம் வேணும், வயல் தாழப் படா, எல்லாம் செரி. அதுக்காக எங்கட பொம்புளையள எண்ண விடுறதா? நீங்களும் இந்த ஊர்ப் பிள்ளதானே."

அதற்கு மேல் அங்கே பேச்சு இல்லை. எனக்கு இரண்டு பக்கமும் கோபம். கணக்கு இல்லாமல் பாலம் இல்லை, பாலம் இல்லாமல் வயல் இல்லை, ஆனால் மரைக்கார் சொன்னதும் எனக்கு விளங்காமல் இல்லை.

அந்த மாரி முரட்டு மாரி. தாம்போதியின் மேல் முழங்கால் அளவு தண்ணீர் ஓடத் தொடங்கிய நேரம், கொழும்பில் இருந்து பணிப்பாளர் நேரில் வந்து பார்த்து முடிவு சொல்லப் போகிறார் என்று செய்தி வந்தது. அதே கிழமையில் ஆற்றுக்கு அப்பால் ஹாஜராவின் தங்கைக்குப் பிள்ளை கிடைத்தது. மிளகும் உள்ளியும் இடித்துக் காயச் சரக்கு கொண்டுபோக வேண்டும், போய் வரட்டா என்று ஹாஜரா கேட்டாள். தண்ணீர் வற்றட்டும், பிறகு பார்ப்போம் என்றேன். பிள்ளை பெற்றவளுக்குத் தண்ணீர் வற்றும்வரை பசிக்காதா என்று கேட்டுவிட்டு உள்ளே போய்விட்டாள். பேச்சு அதோடு முடிந்தது என்று நினைத்தேன்.

பணிப்பாளர் வந்த அன்று காலையிலேயே நான் தெற்குக் கம்பைப் பார்க்கப் போய்விட்டேன். மழை விட்டிருந்தது, கடற்காற்று மட்டும் பலமாக அடித்தது. தெற்கே எங்கேயோ குளம் ஒன்று உடைப்பெடுத்ததோ என்னவோ, கம்பில் தண்ணீர் கண் முன்னாலேயே ஏறியது. இதைச் சேரிடம் உடனே சொல்ல வேண்டும் என்று கரையோரமாகத் திரும்பி ஓடி வந்தேன். மதிய லுஹர் தொழுகை முடிந்து ஆட்கள் வெளியே வரும் நேரம்.

கொட்டிலடியில் ஜீப் நின்றது. பணிப்பாளர், சிவஞானம் சேர், மரைக்கார், கபூர், வயலில் இருந்து வந்த ஆட்கள் என்று ஒரு கூட்டம். எல்லாரும் ஆற்றைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். தாம்போதியின் நடுவில் கூடார வண்டில் ஒன்று சாய்ந்து நின்றது. மேற்கில் இருந்து வந்த வண்டில், ஒரு சில்லு வடக்கு ஓரத்தால் கீழே இறங்கியிருக்கிறது. தண்ணீர் அச்சுக்கு மேல். மாடுகள் இரண்டும் நுகத்தோடு முறுகிக்கொண்டு கதறின. வண்டில்காரரை இழுவை அடித்துக்கொண்டு போய்விட்டது, தூரத்தில் வடக்கே ஒரு கண்டல் மரத்தைப் பிடித்துக்கொண்டு தொங்கினார், ஒரு தோணி அவரை நோக்கிப் போனது. அவர் வாய் திறந்து ஏதோ கத்துவது தெரிந்தது. காற்றில் ஒன்றும் கேட்கவில்லை.

நடந்ததைப் பிறகுதான் கோர்த்து எடுத்தேன். நான் வருவதற்குச் சற்று முன்னர் பணிப்பாளர் கணக்கைப் பார்த்துவிட்டு, மாரியில் பெண்கள் யாரும் இந்த வழியால் வருவதில்லையா என்று சேர் மூலம் மரைக்காரிடம் கேட்டிருக்கிறார். மரைக்கார் வழமையான பதிலைச் சொல்லியிருக்கிறார். எங்கேயும் போவதில்லை. சொல்லி வாய் மூடவில்லை, வண்டில் சரிந்துவிட்டது. அதில் என்ன என்று பணிப்பாளர் கேட்க, காலையில் அந்த வண்டில் மேற்கே போனபோது எழுதியதைப் பார்த்துக் கபூர் சுமை என்று சொல்லியிருக்கிறார். பணிப்பாளர் கெட்டவரில்லை. சுமைக்காக ஒரு மனித உயிரையும் ஆற்றில் விட முடியாது, நுகக் கயிற்றை வெட்டி மாடுகளை மட்டும் காப்பாற்றுங்கள், வண்டில் போனால் போகட்டும் என்று உத்தரவிட்டார். கத்தியோடு ஒருவர் ஏற்கெனவே இடுப்பளவு தண்ணீரில் இறங்கி நடந்துகொண்டிருந்தார். மரைக்காரின் முகத்தைப் பார்த்தேன். வெளிறிப்போயிருந்தது. அவர் வாய் அசைந்தது, சத்தம் வரவில்லை. சற்று முன்னர் சொன்ன வார்த்தையை எப்படித் திருப்பி எடுப்பது?

நான் வண்டிலின் திரையைப் பார்த்தேன். மருதமுனைத் தறியில் நெய்த நீலத் துணி, சிவப்புக் கரை. கீழ் மூலையில் பச்சைத் துணி ஒட்டுப் போட்டிருந்தது. திரையாகத் தொங்கியது எங்கள் கட்டில் விரிப்பு, கல்யாணம் முடித்த மாதத்தில் குப்பி விளக்குச் சரிந்து எரிந்த இடம் அந்த மூலை. அந்த ஒட்டைத் தைத்தவள் ஹாஜரா. ஊசி கோர்த்துக் கொடுத்தவன் நான்.

"சேர், அது சுமை இல்ல."

சிவஞானம் சேர் திரும்பினார். பழக்கம் விடுமா, அந்த நேரத்திலும் வாயில் அதே கேள்வி வந்தது.

"கண்டனீரோ, கேட்டனீரோ?"

"ரெண்டும் இல்ல சேர். அந்தத் திரை என்ட ஊட்டுத் திரை."

ஊரார் முன்னால், பணிப்பாளர் முன்னால், மரைக்கார் முன்னால் சொன்னேன். சேர் ஒரு கணம்கூட யோசிக்கவில்லை. கண்ணாடியைக் கழற்றிக் கபூரின் கையில் கொடுத்தார். ஆற்றில் இறங்கியவரை நிற்கச் சொல்லிக் கத்தினார். அவர் கத்தியதை நான் கேட்டது வாழ்நாளில் அந்த ஒரே தரம்தான். கரையில் நின்ற உழவு இயந்திரத்தின் இழுவைக் கயிற்றின் ஒரு நுனியை மருத மரத்தில் கட்டச் சொல்லி, மறு நுனியைத் தன் இடுப்பில் சுற்றிக்கொண்டு, மினுக்கிய சப்பாத்தோடு தண்ணீருக்குள் இறங்கிவிட்டார். அவருக்கு நீந்தத் தெரியாது என்பது எங்கள் எல்லாருக்கும் தெரியும்.

நான் அவருக்குப் பின்னால் பாய்ந்தேன். எனக்குப் பின்னால் இன்னும் பலர். தண்ணீர் இப்போது நெஞ்சைத் தொட்டது, தெற்கில் இருந்து தள்ளிய தள்ளில் கால் பாவவில்லை. கயிற்றைப் பிடித்தபடி வண்டில் வரை ஆட்களால் ஒரு வரிசை உண்டானது. சேர் கயிற்று நுனியை வண்டில் சட்டத்தில் கட்டினார். உள்ளே இருந்து ஒருவர் திரையை விலக்கினார், என் மாமியின் கை. அப்போதுதான் எல்லாரும் ஒரே நேரத்தில் அசையாமல் நின்றுவிட்டோம். இத்தனை ஆண்கள், நனைந்து ஒட்டிய உடுப்போடு பெண்கள். அவர்களும் இறங்கத் தயங்கினார்கள். மாடு ஒன்று முழங்காலில் விழுந்தது, வண்டில் இன்னும் ஒரு சாண் சரிந்தது.

எனக்குப் பின்னால் மரைக்காரின் குரல் கேட்டது. எப்போது இறங்கினாரோ தெரியாது, அந்த வயதில் நெஞ்சளவு தண்ணீரில் நின்றார்.

"தெக்கால பாருங்க எல்லாரும். ஒருத்தனும் திரும்பப் படா."

அத்தனை பேரும் தெற்கே திரும்பினோம். தோளோடு தோள் ஒட்டி, வருகிற தண்ணீருக்கு நெஞ்சைக் கொடுத்து, பெண்களுக்கு முதுகைக் காட்டி நின்றோம். எங்கள் முதுகுப் பக்கம் இழுவை குறைந்தது. அந்தக் குறைந்த தண்ணீரில், எங்கள் சட்டைகளைப் பிடித்துப் பிடித்து, அவர்கள் ஒருவர் பின் ஒருவராகக் கரைக்கு நடந்தார்கள். நாங்கள் ஒன்றும் காணவில்லை. மூச்சு வாங்குவது கேட்டது. யாரோ ஸலவாத்து ஓதிக்கொண்டு போனார்கள். ஒரு கை என் சட்டைக் கழுத்தைப் பிடித்து, விடாமல் சற்று நேரம் நின்று, பிறகு அடுத்தவரின் சட்டைக்குப் போனது. அது யாருடைய கை என்று எனக்குத் தெரியாதா? நான் திரும்பவில்லை. அழுதேன், அதைச் சொல்ல எனக்கு வெட்கம் இல்லை. கரையில் நின்ற பணிப்பாளரும் தன் குடையை விரித்து முகத்துக்கு முன்னால் பிடித்துக்கொண்டு தெற்கே திரும்பி நின்றாராம். தமிழ் தெரியாத அவருக்கு ஒருவரும் மொழிபெயர்த்துச் சொல்லவில்லை.

கடைசியாக வந்தவரும் கரை ஏறிவிட்டதாகக் கபூர் கத்திய பிறகுதான் நுகத்தை வெட்டினார்கள். மாடுகள் வடக்கே நீந்திக் கரை ஏறின. வண்டில் இரண்டு தரம் புரண்டு களப்புப் பக்கம் போனது. கண்டல் மரத்தைப் பிடித்திருந்தவர் ஹாஜராவின் காக்கா, அதாவது அண்ணன், என் மச்சான் அலியார். அவரையும் தோணிக்காரர்கள் கொண்டுவந்து சேர்த்தார்கள், அல்ஹம்துலில்லாஹ். பெண்களைக் கொட்டிலுக்குள் இருத்தி வாசலில் பாயைத் தொங்கவிட்டார்கள்.

பணிப்பாளர் சிவஞானம் சேரிடம் ஆங்கிலத்தில் ஒன்று கேட்டார். வண்டிலில் எத்தனை பெண்கள் இருந்தார்கள்? சேர் நடுங்கிக்கொண்டு, சப்பாத்திலிருந்து தண்ணீரை ஊற்றிக்கொண்டிருந்தார். எனக்குத் தெரியாது, நான் தெற்கே பார்த்துக்கொண்டிருந்தேன் என்றார். கணக்குக்காக எத்தனை கிழமை அலைந்த மனிதர். ஒரு எண்ணைச் சொல்லியிருந்தால் போதும். சொல்லவில்லை.

மரைக்கார்தான் முன்னுக்கு வந்தார். தாடியில் தண்ணீர் சொட்டியது. பணிப்பாளரைப் பார்க்கவில்லை, கபூரின் கையில் இருந்த பேனையைப் பார்த்துப் பேசினார்.

"அஞ்சு பேர். அதுல ரெண்டு பேர் என்ட ஊடு. மகளும் மருமகளும். எழுதுங்க கபூர். போனவ, வாறவ."

கபூர் அழுதுகொண்டே எழுதினார். சுமை என்ற கோட்டை அடித்துவிட்டு, ஆள் என்ற இடத்தில் நாலு கோடு, குறுக்கே ஒன்று.

பாலம் உடனே வந்துவிட்டது என்று நினைக்க வேண்டாம். பெண்களிடம் கேட்டு எடுத்த கணக்கோடு அறிக்கை போன பிறகு மண் அணைப் பேச்சு நின்றது, வட்டைகள் தப்பின. கண் விட்ட பாலத்துக்கு ஒப்புதல் கிடைத்தும், எண்பதுகளில் நாட்டு நிலைமை கெட்டு, வேலை நின்று நின்று, பாதிப் பாலமும் பாதித் தாம்போதியுமாகப் பல வருடம் கிடந்தது. சேர் அதற்கு முன்னமே மாற்றலாகிப் போய்விட்டார். அதை எல்லாம் நினைத்தால் எனக்கு இப்போதும் எரிச்சல் வரும், எழுதத் தொடங்கினால் நிற்காது. அன்றைய பின்னேரத்தைச் சொல்லி முடிக்கிறேன்.

அந்தி மஃரிப் தொழுதுவிட்டு வீட்டுக்கு வந்தேன். ஹாஜரா தலையைத் துவட்டிக்கொண்டு அடுப்படியில் இருந்தாள். கை கால் முழுக்கச் சிராய்ப்பு. வரும் வழியெல்லாம் ஏசுவதற்கு வாய் நிறைய வைத்துக்கொண்டு வந்தேன். போகாதே என்று சொன்னேனா இல்லையா, உன் காக்காவுக்குப் புத்தி எங்கே போனது, இப்படி நிறைய. அவளைக் கண்டதும் பக்கத்தில் குந்தினேன். அவள் என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

"எங்கயும் போறல்ல எண்டுதானே எழுதிக் குடுத்த நீங்க? அப்ப ஆத்துல இருந்தது ஆரு?"

நான் எழுந்து போய்ப் பையில் இருந்து புதுப் படிவம் ஒன்றை எடுத்து வந்தேன். பேனையைத் திறந்துகொண்டு, சொல்லு, இந்தக் கிழமை எங்கெங்கே போன என்று கேட்டேன். அவள் படிவத்தையும் பார்த்தாள், என்னையும் பார்த்தாள். முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

"நீங்க முன்னால குந்தியிருந்து கேட்டா நானும் எங்கயும் போறல்ல எண்டுதான் சொல்லுவன். ஒரு பொம்புளைய அனுப்புங்க. நீங்க வெளிய போய் நில்லுங்க."

அடுத்த நாள் காலையில் அதை அப்படியே சிவஞானம் சேரிடம் சொன்னேன். கேட்டனீரோ என்றார். கேட்டன் சேர், என்ட காதால கேட்டன் என்றேன். அப்ப எழுதும் என்றார். பள்ளிக்கூட ரீச்சர் ஒருவரும் மருத்துவிச்சி ஒருவரும் வீடு வீடாகப் போனார்கள், மரைக்கார் தன் வீட்டுக் கதவைத்தான் முதலில் திறந்துவிட்டார். என் வீட்டுக்கு அவர்கள் வந்தபோது நான் வெளியே வேலியடியில் நின்றேன். வெகுநேரம் நின்றேன். உள்ளே எழுதி முடியவில்லை.

அந்த இரண்டு வரியும் அவளுடையது மகள். எடுக்கத்தான் வேண்டும் என்றால் அவளிடம் கேட்டுவிட்டு எடுங்கள். நீங்கள் வந்த அன்று அவளைக் கூப்பிட்டுக் காட்டலாம் என்றுதான் பார்த்தேன். வீட்டில் இல்லை. எங்கே போனாள் என்று எனக்குத் தெரியாது.